நடிகர் தேர்வு இயக்குநராக விரும்புபவருக்கு

தமிழ்த் திரையுலகில் நடிகர் தேர்வு நெடுங்காலம் தனித் தொழிலாக இருந்ததில்லை. நாயகனையும் நாயகியையும் இயக்குநரும் தயாரிப்பாளரும் முடிவு செய்ய, டீக்கடைக்காரர், ஏட்டு, நாயகியின் சித்தப்பா போன்ற வேடங்களுக்கு ஆள் தேடுவது உதவி இயக்குநர்களின் தலையிலும், கூட்டத்துக்கு ஆள் அனுப்புவது ஜூனியர் ஆர்ட்டிஸ்ட் ஏஜென்ட்டுகளின் கையிலும் இருந்தன. எனவே இன்றும் கேஸ்டிங் உதவியாளராகவோ உதவி இயக்குநராகவோ சேர்ந்து கற்பதே இத்தொழிலுக்கு நேர்வழி.

முதலில் திரைக்கதையைப் பிரித்தெழுதப் பழகுங்கள். ஒவ்வொரு கதாபாத்திரத்துக்கும் வயது, வட்டார வழக்கு, காட்சிகளின் எண்ணிக்கை, தேவைப்படும் கால்ஷீட், யாருக்கு என்ன உறவு என்பவற்றைக் குறித்துக்கொள்ள வேண்டும். மகனைவிடப் பத்து வயதுகூட மூத்தவராகத் தோன்றாத அம்மாக்களை நம் படங்களில் பார்த்துப் பழகிவிட்டோம். உறவுக் கட்டத்தை யாரும் நிரப்பாததன் விளைவு அது. நெல்லைத் தமிழ் வராதவரைத் தேர்ந்தெடுத்துவிட்டு டப்பிங்கில் பார்த்துக்கொள்ளலாம் என்பதும் அவ்வகையே.

ஆட்களைத் தேட இன்ஸ்டாகிராம் மட்டும் போதாது. 1977இல் ந. முத்துசாமி சென்னையில் தொடங்கிய கூத்துப்பட்டறை நாடகக் குழுவிலிருந்துதான் பசுபதியும் குரு சோமசுந்தரமும் திரைக்கு வந்தார்கள். நாடகம், தெருக்கூத்து, கல்லூரி மேடை, குறும்படத் திரையிடல் என எங்கு சென்றாலும் கையில் குறிப்பேடு இருக்கட்டும்.

உங்கள் திறமை வெளிப்படும் இடம் ஆடிஷன் அறை. கேமராவை நடிப்பவரின் கண்மட்டத்தில் வைத்து, எதிர் வசனம் வாசிப்பவரை லென்ஸை ஒட்டி அமர்த்துங்கள். அவர் தாமே நடித்துக்காட்டவும் கூடாது, ரேஷன் பட்டியலைப் போல ஒப்பிக்கவும் கூடாது. முதல் டேக்கை, வந்தவர் தயாரித்து வந்தபடியே செய்ய விடுங்கள். இரண்டாவதில் ஒன்றை மட்டும் மாற்றுங்கள். “சாப்பிட்டியா?” என்று மகனிடம் எரிச்சலாகக் கேட்ட அப்பாவிடம், “அவனுக்கு வேலை போனது உங்களுக்குத் தெரியும், ஆனால் தெரிந்ததாகக் காட்டக் கூடாது” என்று சொல்லிப் பாருங்கள். அதே எரிச்சல் திரும்ப வந்தால், அவர் மனப்பாடம் செய்த நடிப்போடு வந்திருக்கிறார் என்று பொருள். குரல் தணிந்து, பார்வை மகனின் முகத்தைவிட்டு அவன் தட்டுக்கு நகர்ந்தால், இயக்குநர் சொல்வதை வாங்கிக்கொள்ளக்கூடியவர் கிடைத்திருக்கிறார். முதல் டேக்கின் பளபளப்பைவிட இந்த இரண்டாவது டேக்கையே நான் நம்புவேன்.

அன்று மாலையே குறிப்பை எழுதிவிடுங்கள். “சரியில்லை” என்று எழுதுவது எதற்கும் உதவாது. “அண்ணன் வேடத்துக்கு வயது கூடுதல், வக்கீல் வேடம் வந்தால் அழைக்கலாம்” என்று எழுதினால் அடுத்த படத்துக்கு அது கைகொடுக்கும். தேர்வாகாதவர்களுக்கும் தகவல் சொல்லுங்கள். ஒரு குறுஞ்செய்திக்காக மாதக்கணக்கில் காத்திருப்பவர்கள் அவர்கள். ஒரு வேடத்துக்கு இரண்டு மூன்று பேருக்கு மேல் இயக்குநர் முன் வைக்காதீர்கள்; இறுதி முடிவு அவருடையது.

குழந்தைகள் நடிப்பதானால் 2017ஆம் ஆண்டு குழந்தைத் தொழிலாளர் விதிகளைத் தயாரிப்பு மேலாளருக்கு நீங்களே நினைவூட்டுங்கள்: மாவட்ட ஆட்சியரின் அனுமதி வேண்டும், நாளொன்றுக்கு 5 மணி நேரத்துக்கு மேல் வேலை கூடாது, வருமானத்தில் குறைந்தது 20 விழுக்காட்டைக் குழந்தையின் பெயரில் வங்கியில் நிரந்தர வைப்பாகப் போட வேண்டும்.

உங்கள் சம்பளம் தயாரிப்பு நிறுவனத்திடமிருந்து மட்டுமே வர வேண்டும். வாய்ப்பு கேட்டு வருபவரிடம் பதிவுக் கட்டணம், போட்டோ ஷூட் என்று ஒரு ரூபாய் வாங்கினாலும் அது வேறு தொழில். ஆடிஷனை ஹோட்டல் அறையில் வைக்காமல் அலுவலகத்தில், உதவியாளர் ஒருவராவது உடனிருக்க நடத்துங்கள். ஒப்பந்தத்தில் முன்பணத்தோடு டைட்டில் கார்டில் பெயர் இடம்பெறுவதையும் எழுதி வாங்குங்கள். ஆஸ்கரிலேயே இத்துறைக்கென்று தனி விருது 98ஆவது விழாவில்தான் சேர்க்கப்பட்டது என்பதால், கேட்காமல் யாரும் போடுவார்கள் என்று எதிர்பார்க்க வேண்டாம்.