மார்க்சியத்தின் அரசுக் கோட்பாடு: வயலில் இருந்து படியுங்கள்

அரசு, வர்க்கம் என்று படிக்கத் தொடங்கி நடுவில் மூடிவைக்கிறவர்கள் பலர். அவர்களுக்கு ஒரு வழி சொல்கிறேன். ஒரு கொப்பி எடுங்கள். மட்டக்களப்பு வயற்புறத்தில் எல்லோருக்கும் தெரிந்த மூன்று பேரை எழுதுங்கள்: போடியார் (பெரிய காணிச் சொந்தக்காரர்), முல்லைக்காரர் (போடியாருக்காக வயலைப் பார்த்துச் செய்கிறவர்), கூலிக்கு நெல் வெட்டுகிறவர். காணி யாருடையது, நெற்சூடு அடித்து முடிந்ததும் எத்தனை மூட்டை யார் வீட்டுக்குப் போகிறது என்று குறியுங்கள். வர்க்கம் என்பது இந்த உறவுதான். கையில் எவ்வளவு காசு இருக்கிறது என்பது மட்டுமல்ல.

அப்புறம், இந்த உறவில் அரசு யார் பக்கம் நிற்கிறது என்று பார்க்க ஒரு சட்டத்தை எடுங்கள். இலங்கையின் 1958 நெற்காணிச் சட்டம் நல்ல உதாரணம். கொண்டுவந்தவர் அமைச்சர் பிலிப் குணவர்த்தன, ஊறிய மார்க்சியர். குத்தகை விவசாயிக்குப் பாதுகாப்புத் தர வந்த சட்டம் அது. ஆனால் அமைச்சரவைக்குள்ளேயே அவருக்கு எதிர்ப்பு. 1959இல் பதவி விலகினார். சட்டம் இருந்தும் குத்தகைக்காரர் பலர் காணியை விட்டு வெளியேற்றப்பட்டார்கள்.

இதை எழுதிய பிறகு, ரால்ஃப் மிலிபாண்ட், நிக்கோஸ் புலான்ட்சாஸ் என்ற இரண்டு மார்க்சிய அறிஞர்களுக்கு இடையே அரசு பற்றி 1969இல் தொடங்கிய விவாதத்தைப் படியுங்கள். அரச பதவிகளில் இருப்பவர்கள் எந்த வர்க்கத்திலிருந்து வந்தவர்கள் என்று மிலிபாண்ட் தேடினார். நாற்காலியில் யார் இருந்தாலும் அமைப்பே அரசை உடைமை வர்க்கத்தின் பக்கம் இழுக்கும் என்றார் புலான்ட்சாஸ். சரி, பிலிப்பின் கதை யாருக்குப் பொருந்துகிறது? எனக்குப் புலான்ட்சாஸ் பக்கமே சாய்கிறது. ஆனாலும் அப்படி ஒரு சட்டம் நிறைவேறியதே, அதையும் கொப்பியில் எழுதாமல் விடாதீர்கள். லெனினைப் பிறகு எடுத்தால் போதும்.