குளிரில் குறைந்துபோன அயனியாதல் மாறிலி

உதகையில் ஜனவரி மாதக் காலைகளில் எங்கள் ஆய்வகம் 10 டிகிரிக்கு இறங்கிவிடும். அப்படி ஒரு வகுப்பில், 0.10 மோலார் அசிட்டிக் அமிலத்துக்கு மீட்டர் காட்டிய பிஎச் (அமிலத்தன்மையின் அளவு) 3.09. அதிலிருந்து மாணவர்களுக்குக் கிடைத்த அயனியாதல் மாறிலி, அதாவது அமிலம் எந்த அளவுக்கு அயனிகளாகப் பிரிகிறது என்று காட்டும் எண், 6.7 × 10⁻⁶. நூலில் இருப்பதோ 1.8 × 10⁻⁵. கணக்கை வரிவரியாகப் பார்த்தேன், பிழையே இல்லை. சரியாகக் கணக்கிட்ட பிள்ளைகளுக்கு மதிப்பெண் குறைவது எனக்கு நியாயமாகப் படவில்லை.

குளிரின் மேல் பழி போடவும் முடியாது. இந்த அமிலத்தின் மாறிலி 10 டிகிரியிலும் 25 டிகிரியிலும் ஏறக்குறைய ஒன்றே. மாறுவது மீட்டரின் மின்முனை (கரைசலில் அமிழ்த்தும் முனை) தரும் மின்னழுத்தம். ஒரு பிஎச் அலகுக்கு அது 25 டிகிரியில் 59.2 மில்லிவோல்ட் தரும். 10 டிகிரியில் 56.2 மட்டுமே. மீட்டரின் வெப்பநிலைத் திருகோ 25-இல் நின்றது. அளவுத்திருத்தமும் பிஎச் 7 தாங்கல் கரைசல் (பிஎச் தெரிந்த, எளிதில் மாறாத கரைசல்) ஒன்றைக் கொண்டே நடந்திருந்தது. ஏழிலிருந்து விலக விலகப் பிழை வளரும்.

திருகை 10-க்குக் கொண்டுவந்து, அதே குளிரில் இருந்த பிஎச் 7, பிஎச் 4 கரைசல்கள் இரண்டாலும் திருத்தினோம். (புட்டியில் 10 டிகிரிக்கு அச்சிட்டிருக்கும் மதிப்பையே எடுக்க வேண்டும்.) பிஎச் 2.88 வந்தது. ஹைட்ரஜன் அயனிச் செறிவு 1.32 × 10⁻³. அதன் வர்க்கத்தை, 0.10-இலிருந்து அந்தச் செறிவைக் கழித்து வரும் 0.0987-ஆல் வகுத்தால் 1.77 × 10⁻⁵!

பிஎச்சில் 0.2 அற்பமாகத் தோன்றும். செறிவு வர்க்கமாவதால் மாறிலி 2.6 மடங்கு தவறிவிடுகிறது. குன்னூர், கோத்தகிரிப் பக்கம் இதே சிக்கல் வந்தால், அமிலத்தைக் கொட்டுவதற்கு முன் அந்தத் திருகைப் பாருங்கள்.