வன்னியில் ஆவணப்படம் எடுப்பவர்கள் தவிர்க்க வேண்டிய தவறுகள்

இலங்கையின் வடக்கே போர் நடந்த வன்னிக்குக் கமராவோடு வருகிறவர்களில் பெரும்பாலானோர் நல்ல மனதோடுதான் வருகிறார்கள். படம் முடிந்ததும் தாங்கள் போய்விடுவோம், பேசியவர் அதே ஊரில்தான் இருப்பார் என்பதை மறந்துவிடுகிறார்கள். கேடு அங்கேதான் தொடங்குகிறது.

படிவத்தில் கையெழுத்து வாங்கியதும் சம்மதம் கிடைத்துவிட்டதாக நினைக்காதீர்கள். வாசலுக்கு வந்தவரை வெறுமனே அனுப்பக்கூடாது என்பதற்காகவே தலையாட்டும் அம்மாக்கள் இங்கே அதிகம். படம் எங்கெல்லாம் ஓடும், யூடியூபில் ஏறினால் யார் யார் பார்ப்பார்கள் என்று விளக்கிவிட்டு, யோசிக்க அவகாசம் கொடுங்கள். தொகுப்பு முடிந்ததும் அவர் பேசிய பகுதியை அவருக்கே போட்டுக் காட்டி மறுபடியும் கேளுங்கள். வேண்டாம் என்றால் வெட்டிவிட வேண்டும்.

முகத்தை மங்கலாக்கிவிட்டால் ஆள் மறைந்துவிட்டார் என்று நம்புவது இதைவிடப் பெரிய தவறு. கிணற்றுக்கட்டு, படலை, கையில் உள்ள தழும்பு, குரல் ஆகியவற்றில் ஒன்று போதும், ஊருக்கு ஆளைத் தெரிந்துவிடும். மங்கலாக்காத மூலப்பதிவும் உங்கள் மெமரி கார்டில் அப்படியே கிடக்கிறது. சோதனையில் அது யார் கையிலும் சிக்கலாம். ஆபத்து இருக்கும் இடத்தில் முகத்தைப் பதிவே செய்யாதீர்கள். கைகளை மட்டும் எடுங்கள். சொன்னதை வேறொருவர் குரலில் வாசிக்க வையுங்கள். கைத்தொலைபேசியில் எடுப்பதானால் இருப்பிடப் பதிவை நிறுத்திவிடுங்கள்.

2017 பெப்ரவரி 20 அன்று கிளிநொச்சி கந்தசுவாமி கோயிலடியில், காணாமல் ஆக்கப்பட்டோரின் உறவினர்கள் தொடர் போராட்டத்தைத் தொடங்கினார்கள். அன்று முதல் வந்த கமராக்கள் திரும்பத் திரும்பக் கேட்பது ஒன்றைத்தான்: "கடைசியாக மகனை எங்கே பார்த்தீர்கள், அம்மா?" அரசு அமைத்த விசாரணை ஆணைக்குழுக்கள் முன்னாலும் அவர்கள் அதையே சொல்லிக் களைத்தவர்கள். பழைய செவ்விகளைத் தேடிப் பார்த்துவிட்டுப் போங்கள். போராட்டத்துக்கு வர பஸ் காசை எப்படிப் புரட்டுகிறார், மகனின் பள்ளிச் சான்றிதழ்களை எதில் சுற்றி வைத்திருக்கிறார் என்று கேட்டால், அவர் சொல்ல விரும்பிய கதை வெளியே வரும். அழுகை வரும்வரை கமராவை ஓடவிடுவது கொடுமை. காட்சி அழகுக்காக மகனின் படத்துக்கு முன்னால் விளக்கேற்றச் சொல்வது அதைவிடக் கொடுமை. மாலை போட்டால் இறந்ததை ஒப்புக்கொண்டதாகிவிடும் என்று படத்தை வெறுமனே மாட்டி வைத்திருக்கும் வீடுகள் இவை.

பேசுவதற்குக் காசு கொடுக்க வேண்டாம். ஆனால் ஒரு நாள் கூலி வேலையை விட்டு வந்தவருக்கு அந்தக் கூலியைக் கொடுப்பதுதான் நியாயம்.

அரசைக் கேள்வி கேட்கிறவர்கள் நம்மிடையே உள்ள சாதி, சீதனம், நுண்கடன் (நிறுவனங்கள் கொடுக்கும் சிறுகடன்) ஆகியவற்றைக் கண்டும் காணாமல் போகிறார்கள். இதை என்னால் ஏற்க முடியவில்லை. நுண்கடனைப் படமாக்கும் சிலரும் கடன்பட்ட பெண்ணின் கண்ணீரோடு நின்றுவிடுகிறார்கள். குழுக்கடனில் ஒருத்தி தவணை கட்டாவிட்டால் மற்றவர்கள் கட்ட வேண்டும்; வாசலில் வந்து சத்தம் போடுவது பக்கத்து வீட்டுக்காரியாகவும் இருக்கலாம். இந்த ஏற்பாட்டைக் காட்டாத படம் பாதி உண்மையையே சொல்கிறது. தவணை வசூலிக்க வருகிற இளைஞரையும் பேச வையுங்கள். நிறுவனத்திடம் எழுத்தில் விளக்கம் கேளுங்கள். பதில் வந்தால் படத்தில் சேருங்கள். வராவிட்டால் வரவில்லை என்பதையும் சேருங்கள்.