என்.எச்.எல். அரங்கில் ஐஸ் போடுவது எப்படி

200 அடி நீளம், 85 அடி அகலம், கனம் ஓர் அங்குலத்துக்குச் சற்று மேல். வட அமெரிக்காவின் தொழில்முறை ஐஸ் ஹாக்கி லீக்கான என்.எச்.எல்.-இல் ஆடும் ஓர் அணியின் சொந்த அரங்கில் ஐஸ் இவ்வளவுதான். இந்த ஓர் அங்குலத்தை ஒரே மூச்சில் தண்ணீர் நிரப்பி உறையவைக்க முடியாது. சுவருக்குச் சுண்ணாம்பு அடிப்பது போல, ஒரு பூச்சு இறுகிய பிறகுதான் அடுத்தது.

அடித்தளம்

ஐஸுக்குக் கீழே இருப்பது கான்கிரீட். அதற்குள் குழாய்கள் வரிசையாகப் புதைந்திருக்கும். நான்கு அங்குலத்துக்கு ஒன்று என்று வைத்தால் மொத்த நீளம் 15 கிலோமீட்டரைத் தொடும். அவற்றில் ஓடுவது பிரைன், அதாவது கால்சியம் குளோரைடு கலந்த உப்புத் தண்ணீர். பூஜ்யத்துக்குக் கீழே போனாலும் உறையாது என்பதால்தான் அது. பல அரங்குகளில் பிரைனைக் குளிர்விப்பது அம்மோனியா. மணத்தை மட்டும் நம்பி வேலை செய்யக் கூடாது, கசிவைக் காட்டும் கருவி ஓடிக்கொண்டே இருக்க வேண்டும். 2017 அக்டோபரில் கனடாவின் ஃபெர்னி நகர அரங்கில் அம்மோனியா கசிந்து மூன்று பேர் இறந்தார்கள்.

முதல் வேலை தரையைக் கழுவுவது. தூசியோ எண்ணெய்ப் பிசுக்கோ இருந்தால் அந்த இடத்தில் ஐஸ் ஒட்டாமல் பிறகு தகடாகப் பெயரும். கழுவி உலர்ந்ததும் குளிரைப் படிப்படியாக ஏற்றி, கான்கிரீட்டை மைனஸ் 8, 9 டிகிரி செல்சியஸ் அளவுக்குக் கொண்டுவர வேண்டும். ஒரே இழுப்பாக இறக்கினால் கான்கிரீட்டில் வெடிப்பு விழும்.

வெள்ளையும் கோடுகளும்

குழாயில் புகை போலத் தூவும் முனையை மாட்டி, மெல்லிய தூறலாகத் தண்ணீர் அடிக்க வேண்டும். தரையைத் தொட்ட உடனே உறைய வேண்டும், குட்டையாகத் தேங்கக் கூடாது. இப்படி இரண்டு மூன்று சுற்று. அதன்மேல் வெள்ளைச் சாயம். தூளைத் தண்ணீரில் கரைத்து, நீண்ட தண்டில் பொருத்திய முனைகளால் மூன்று பூச்சு தெளிப்பார்கள். சாயம் இல்லாவிட்டால் கான்கிரீட்டின் சாம்பல் நிறம் தெரியும், வீரர்கள் மட்டையால் அடிக்கும் கறுப்பு ரப்பர் வட்டு, அதாவது பக், கண்ணில் சிக்காது. 1949-50 பருவத்தில்தான் என்.எச்.எல். வெள்ளையைக் கட்டாயமாக்கியது. வெள்ளைக்கு மேல் மறுபடியும் தூறல்.

கோடுகளுக்கு அளவு கறார். பின்பக்கத் தடுப்பிலிருந்து 11 அடியில் கோல் கோடு, அகலம் 2 அங்குலம். அங்கிருந்து 64 அடியில் நீலக் கோடு. நீலக் கோடுகளும் நடுச் சிவப்புக் கோடும் 12 அங்குல அகலம். வட்டங்களுக்கு ஆரம் 15 அடி. விளிம்பு பிடிக்க ஒரு பழைய உத்தி உண்டு. நூலை இழுத்துக் கட்டி அதன்மேல் லேசாகத் தண்ணீர் தூவினால் நூல் ஐஸோடு ஒட்டிக்கொள்ளும். இரண்டு நூலுக்கு நடுவே பிரஷ்ஷை ஓட்டினால் போதும்.

இங்கேதான் பலர் சொதப்புவார்கள். சாயம் போட்ட பிறகு பொறுமை இழந்து குழாயை முழு வேகத்தில் திறந்தால் சிவப்பும் நீலமும் கரைந்து வெள்ளையில் இழுபடும். மூன்று நான்கு முறை தூறல் மட்டும், பிறகுதான் தண்ணீர். நடுவில் போடும் அணிச் சின்னத்திலும் கவனம் வேண்டும். கருநீலம், கறுப்பு போன்ற நிறங்கள் விளக்கின் சூட்டை உறிஞ்சும், அதன் மேலுள்ள ஐஸ் சீக்கிரம் இளகும்.

2002 சால்ட் லேக் ஒலிம்பிக்ஸுக்கு ஐஸ் போடப் போன, கனடாவின் எட்மன்டன்காரர் டிரென்ட் எவான்ஸ், நடுப்புள்ளியில் ஒரு கனடிய டாலர் நாணயத்தைப் புதைத்துவைத்தார். கனடாவின் ஆண், பெண் அணிகள் இரண்டும் தங்கம் வென்றன. நாணயம் டொரான்டோவின் ஹாக்கி ஹால் ஆஃப் ஃபேமுக்குப் போனது.

கனம் ஏற்றுவது

ஓர் அங்குல ஐஸுக்கு 36,000 லிட்டருக்கு மேல் தண்ணீர் வேண்டும். ஒரு சுற்றில் 2,000 லிட்டர் விட்டால் உயர்வது ஒன்றேகால் மில்லிமீட்டர்தான். ஆக இருபது சுற்றுக்குக் குறையாது, இரவு பகலாக முறை வைத்துச் செய்யும் வேலை. வெந்நீர் நல்லது: கரைந்த காற்று குறைவு, பழைய பரப்பைச் சற்று இளக்கிப் பிடித்துக்கொள்ளும். தாது உப்பு அதிகமுள்ள தண்ணீரில் ஐஸ் மங்கலாகவும் மென்மையாகவும் வரும், வடிகட்டித்தான் விட வேண்டும்.

கனம் கூடினால் வலிமை கூடும் என்று நினைப்பது தப்பு. குளிர் கீழிருந்து வருகிறது. கனம் ஏற ஏற மேற்பரப்புக்குக் குளிர் எட்டாது, மின்கட்டணம் மட்டும் ஏறும்.

ஆட்ட நாள்

மேற்பரப்பு மைனஸ் 5 டிகிரியை ஒட்டி இருக்கட்டும். அதைவிடக் குளிர்ந்தால் ஸ்கேட் பட்ட இடமெல்லாம் சில்லாகத் தெறிக்கும். சூடானால் பனித்தூள் குவியும், பக் துள்ளும். பதினெட்டாயிரம் பேர் உள்ளே வந்தால் அவர்கள் உடம்புச் சூடும் மூச்சின் ஈரமும் கூடவே வரும். அதனால் கதவு திறக்கும் முன்பே குளிரைக் கொஞ்சம் கூட்டிவைப்பது வழக்கம்.

இடைவேளையில் சாம்போனி. கலிஃபோர்னியாவின் பாரமவுன்ட்டில் ஃபிராங்க் சாம்போனி 1949-இல் உருவாக்கிய வண்டி. முதலில் கத்தி ஐஸைச் சீவும், அதன் பின்னாலேயே வெந்நீர் நனைத்த துணி இழைக்கும். தடுப்போரம் கத்தி சரியாக எட்டாது, அங்கே ஐஸ் மேடாகும், நடுவில் பள்ளமாகும். வாரந்தோறும் குறித்த புள்ளிகளில் துளையிட்டுக் கனம் அளந்தால்தான் இது தெரியும். துளையை வெள்ளைச் சாயத்தோடு நிறுத்துங்கள், கீழே குழாய் இருக்கிறது.

ஈரப்பதம்தான் தலைவலி. 1975 மே 20, பஃபலோவின் மெமோரியல் ஆடிட்டோரியம், என்.எச்.எல். பட்டத்துக்கான ஸ்டான்லி கோப்பை இறுதியின் மூன்றாவது ஆட்டம். அரங்கில் குளிர்சாதனம் இல்லை, வெளியே வெக்கை. ஈரக் காற்று ஐஸைத் தொட்டதும் மூடுபனி எழும்பி பக் மறைந்தது. ஆட்டத்தைப் பலமுறை நிறுத்தி, வீரர்கள் சுற்றிச் சுற்றி ஸ்கேட் செய்தும் பணியாளர்கள் படுக்கை விரிப்பை வீசியும் கலைத்தார்கள். ஈரத்தை உறிஞ்சும் கருவி இல்லாத அரங்கில் அடிப்பகுதி எவ்வளவு குளிர்ந்தாலும் பயனில்லை.

நியூயார்க்கின் மேடிசன் ஸ்குவேர் கார்டன் போலக் கூடைப்பந்து அணியும் ஆடும் இடங்களில் ஐஸைக் கரைப்பதில்லை. மேலே வெப்பம் கடத்தாத பலகைகளை அடுக்கி, அதன்மேல் மரத்தளம் விரிப்பார்கள். பலகை இணைப்பில் இடுக்கு விட்டால் அங்கே ஈரம் கோத்து மரம் வழுக்கும்.

பருவம் முடிந்ததும் குழாயில் பிரைனை வெதுவெதுப்பாக்கினால் ஐஸ் அடியில் விட்டுக்கொடுக்கும். அப்போது லோடரால் பாளம் பாளமாக அள்ளலாம். முழுவதும் உருகட்டும் என்று காத்திருந்தால் சாயம் கலந்த தண்ணீர் தரை முழுக்க ஓடும். மிஞ்சிய வெள்ளையை வெந்நீர் விட்டுத் தேய்த்துக் கழுவுங்கள். அது படலமாகத் தங்கினால் அடுத்த செப்டம்பரில் முதல் பூச்சு அங்கேதான் பெயரும்.