தனுஷ்கோடிக்கு மணலைப் பார்க்க வாருங்கள்

ராமேஸ்வரத்தில் ஆட்டோ ஓட்டுகிறேன். தனுஷ்கோடி என்றதும் வண்டியில் ஏறுபவர்கள் முதலில் கேட்பது, "எவ்வளவு நேரத்தில் போய்த் திரும்பலாம்?" என்றுதான். ரோடு முடியும் அரிச்சல்முனையில் இறங்கி, அங்குள்ள அசோகர் தூண் முன்னால் ஒரு செல்ஃபி எடுத்துக்கொண்டு திரும்பிவிடுவார்கள். கடலை மட்டும் பார்க்க அது போதும். மணலைப் பார்க்க அரை நாளாவது வேண்டும்.

மணலில் என்ன இருக்கிறது என்பீர்கள். எங்கள் ராமநாதசுவாமியே மணல்தான். சீதை மணலைப் பிடித்து வைத்த லிங்கத்தை ராமர் பூஜித்தார் என்பது தலபுராணம். காசி யாத்திரைக்காரர்களும் சேது மணலை எடுத்துப் போய்ப் பிரயாகையில் கரைத்து, கங்கை நீரைக் கொண்டுவந்து இங்கே அபிஷேகம் செய்தால்தான் யாத்திரை நிறைந்தது என்பார்கள். ராமநாதபுரம் மன்னர்கள் சேதுபதி ஆனதும் இந்தச் சேதுவைக் காவல் காத்ததால்தான்.

காலம்: ஜனவரியிலிருந்து மார்ச்சுக்குள் வாருங்கள். மே மாதத்துக்குப் பிறகு தெற்கிலிருந்து அடிக்கும் காற்றில் மணல் எழும்பி ரோட்டை மூடும், முகத்தில் ஊசியாகக் குத்தும். விடிந்ததும் கிளம்பிவிடுங்கள். மதியம் அங்கே ஒதுங்க நிழல் கிடையாது.

போகிற வழியில் கோதண்டராமர் கோயிலில் இறங்குங்கள். விபீஷணனுக்குப் பட்டம் கட்டிய இடம் என்பது ஐதீகம். 1964 டிசம்பர் புயல் தனுஷ்கோடியையே துடைத்துப் போட்டபோதும் இந்தக் கோயில் நின்றது. சாமி கும்பிட்டுவிட்டு, பக்கத்திலுள்ள ஆழமில்லாத நீர்ப்பரப்பைப் பாருங்கள். குளிர்காலத்தில் பூநாரைகள் (ஃபிளமிங்கோ) இறங்கும். தலையைக் கவிழ்த்து, அலகால் சேற்று நீரை அலசிச் சின்ன இரைகளைப் பிடிக்கும். 2025-இல் தனுஷ்கோடியைப் பூநாரை சரணாலயமாக அரசு அறிவித்திருக்கிறது. கிட்டத்தில் போகாதீர்கள், கை தட்டிப் பறக்கவிட்டுப் படம் எடுக்காதீர்கள். பறந்து பறந்தே அதன் மேய்ச்சல் நேரம் வீணாகும். ஒரு பைனாகுலர் இருந்தால் ரோட்டோரத்திலிருந்தே நன்றாகத் தெரியும்.

அப்புறம் மணல்மேடு. செருப்பைக் கழற்ற வேண்டாம். உருண்டையாக, முள் முள்ளாக மணலில் உருண்டு ஓடுவது இராவணன் மீசை என்ற புல்லின் விதைக்கொத்து. காலில் ஏறினால் ராமர் பக்தர், ராவண பக்தர் என்றெல்லாம் அது பார்க்காது. தரையோடு படரும் கொடி அடப்பங்கொடி. ஆட்டுக் குளம்பு மாதிரி பிளந்த இலை, ஊதாப் பூ. இந்தப் புல்லும் கொடியும் கணுவுக்குக் கணு வேர்விட்டு மணலைப் பிடித்து வைக்கின்றன. காற்றில் வரும் மணல் இவற்றில் தடுக்கித்தான் மேடாகிறது. கொடியை மிதித்துக் குறுக்கு வழி போட்டால் அந்த இடத்தில் காற்று பள்ளம் பறிக்கும். அதனால் ஏற்கெனவே ஆள் நடந்த தடத்திலேயே நடங்கள். ஜீப்பை மணலுக்குள் இறக்கச் சொல்லி டிரைவரைக் கெஞ்சாதீர்கள்.

மேடு முக்கியம் என்பதற்கு இன்னொரு காரணம் தண்ணீர். மழை மணலில் ஓடாது, அப்படியே உள்ளே இறங்கும். நல்ல தண்ணீர் உப்புத் தண்ணீரைவிட லேசு. அதனால் அடியிலுள்ள கடல்நீரின் மேலேயே தங்கிவிடும். கடலுக்குக் கொஞ்சம் தள்ளி சில அடி தோண்டினாலே ஊற்று வருவது இதனால்தான். அங்கே குடியிருக்கும் மீனவர் வீட்டுப் பெண்கள் அப்படித்தான் மொண்டு குடம் நிரப்புவார்கள். அவசரப்பட்டு அதிகம் இறைத்தால் உப்பு மேலேறிவிடும் என்பது அவர்களுக்குத் தெரியும். நீங்களாக ஊற்றில் கை விடாதீர்கள். "அக்கா, ஒரு வாய் தண்ணி குடுங்க" என்று கேட்டால் யாரும் இல்லை என்று சொல்லி நான் பார்த்ததில்லை. தங்கச்சிமடம் பக்கம் வில்லூண்டித் தீர்த்தத்துக்கும் போய் வாருங்கள். சீதையின் தாகத்துக்காக ராமர் வில்லை ஊன்றிய இடம் என்பார்கள். கடலுக்குள்ளேயே ஒரு நன்னீர்க் கிணறு.

புயலில் இடிந்து நிற்கும் பழைய தேவாலயத்தின் சுவரைத் தொட்டுப் பார்த்தால் சொரசொரப்பாக இருக்கும், பவளக்கல். பெயர்ந்து கிடக்கும் துண்டைக்கூட எடுக்காதீர்கள். கரையில் ஒதுங்கிய பவளத்தையும் சேர்த்துச் சொல்கிறேன். பவளம் வனவிலங்குச் சட்டத்தில் பாதுகாக்கப்பட்டது. வீட்டு ஷோகேஸுக்காக வழக்கில் மாட்டுவானேன்?

அரிச்சல்முனையில் அலை புரளும் ஒரு பக்கத்தை ஆண்கடல், மறுபக்கத்தைப் பெண்கடல் என்போம். பெண்கடல் அமைதியாகத் தெரிகிறதே என்று இறங்காதீர்கள். வாடைக்காற்றுக் காலத்தில் அதுவும் பொங்கும், முனையில் அடியோட்டம் இழுக்கும். குளியலை ராமேஸ்வரம் கோயிலுக்கு எதிரே உள்ள அக்னி தீர்த்தக் கடலில் வைத்துக்கொள்ளலாம்.

சேது மண் எடுக்க வேண்டும் என்று வந்தவர்கள், அலை நனைக்கும் விளிம்பில் ஒரு கைப்பிடி எடுத்துத் துணியில் முடிந்துகொள்ளுங்கள். மேட்டிலிருந்து வேண்டாம். பூஜைக்குக் கொண்டுவந்த பிளாஸ்டிக் பையை மட்டும் திருப்பி எடுத்துப் போங்கள், புண்ணியமாகப் போகும்.

சாயங்காலத்துக்குள் சோதனைச்சாவடியைத் தாண்டித் திரும்பிவிட வேண்டும். ஒரு பாட்டில் தண்ணீர், தொப்பி, கொஞ்சம் சில்லறை போதும். ஆட்டோவில் வந்தால் "நின்று நின்று போகணும், காத்திருக்கணும்" என்று ஏறும்போதே சொல்லி வாடகை பேசிக்கொள்ளுங்கள். அரிச்சல்முனையில் போய் நின்று பேசினால் விலை எங்கள் கையில்.