அழுகைக்கு முன்பே கேமரா ஓடட்டும்: பச்சிளங்குழந்தைகளைப் படமெடுப்பவர்கள் தவிர்க்க வேண்டிய தவறுகள்

பிறந்த குழந்தை இருக்கும் வீட்டுக்கு ஆவணப்படம் எடுக்கப் போகிறவர்களில் பலர், அழுகைச் சத்தம் கேட்ட பிறகுதான் கேமராவை இயக்குகிறார்கள். பசியைப் பொறுத்தவரை அழுகை கடைசிக் கட்டம். அதற்கு முன்பே குழந்தை தலையைத் திருப்பித் தேடும், கையை வாய்க்குக் கொண்டுபோகும், உதட்டைச் சப்பும். அதைக் கவனித்த அம்மா பால் கொடுக்க நிமிர்ந்து உட்காருவார். நான் பார்க்க ஏங்குவது இந்தச் சில நிமிடங்களைத்தான். பேச்சே இல்லாமல் இருவரும் பேசிக்கொள்கிறார்கள்!

பிரிட்டனில் சமூகப் பணியாளராக இருந்த ஜேம்ஸ் ராபர்ட்சன், மருத்துவமனையில் பெற்றோரைப் பிரிந்திருந்த இரண்டு வயதுக் குழந்தையைப் பற்றிய தம் படத்தை 1952-ல் வெளியிட்டார். கண்ணீரை மட்டும் பொறுக்கி எடுத்தார் என்ற பேச்சு வரக்கூடாது என்பதற்காக, குறித்த நேரங்களில் படமெடுத்து, சுவர்க் கடிகாரத்தையும் சட்டகத்துக்குள் வைத்தார். குறித்த நேரத்தில் எடுத்தால், ஒன்றும் நடக்காத நேரமும் படத்தில் பதியும்.

நெருங்கி எடுக்கும் ஆசையில் தாய்க்கும் சேய்க்கும் நடுவே லென்ஸை நீட்டுவது இன்னொரு தவறு. பச்சிளங்குழந்தைக்கு ஓரளவு தெளிவாகத் தெரிவது 20 முதல் 30 செ.மீ. தொலைவுதான், மடியிலிருந்து அம்மாவின் முகம் ஏறக்குறைய அந்தத் தொலைவில் இருக்கும். அதை மறைக்காதீர்கள். கூசும் விளக்கு வைத்தால் குழந்தை கண்ணை மூடிக்கொள்ளும். ஜன்னல் வெளிச்சம் போதும். குழுவில் யாருக்காவது சளி இருந்தால் அன்று போகவே வேண்டாம்.

பிரசவத்துக்கு முன் வாங்கிய கையெழுத்தை மட்டும் நம்பாதீர்கள். தூக்கமில்லாத மூன்றாம் வாரத்தில் அந்த அம்மாவின் மனம் வேறாக இருக்கலாம். ஒவ்வொரு நாளும் வாசலிலேயே கேளுங்கள். தயங்கினால், முகத்தைச் சுளிக்காமல் திரும்பிவிடுங்கள்.

படத்தொகுப்பில் நடக்கும் தவறுதான் என்னை அதிகம் வருத்துகிறது. முதல் வாரங்களில் குழந்தை தூக்கத்தில் சிரிக்கும். முகம் பார்த்துச் சிரிப்பது பொதுவாக 6 வார அளவில்தான் தொடங்கும். தூக்கச் சிரிப்புக்கு முன்னால் அப்பாவின் முகத்தை ஒட்டி, பின்னணி இசையும் சேர்த்தால், நடக்காத ஒரு சந்திப்பைப் பார்வையாளர் நம்பிவிடுவார். அந்தச் சிரிப்பை வெட்டாமல், அறையின் ஒலியோடு, தூங்கும் முகத்திலேயே விட்டுவிடுங்கள்.