சுட்ட காய்கறி, மென்மையான சீஸ் வைத்து ஒரு மெரிங்

முட்டை வெள்ளைக்கருவைச் சர்க்கரையோடு நுரையாக அடித்துச் சுடும் இனிப்புதான் மெரிங். மெரிங் என்றாலே மேலே பழமும் க்ரீமும்தான் என்று நினைப்பவர்கள், ஒரு தடவை ஓவனில் சுட்ட பீட்ரூட்டையும் கேரட்டையும் அதன் மேல் வைத்துப் பாருங்கள். மெரிங்கில் பாதிக்கு மேல் சர்க்கரைதான், இனிப்பான பழமும் சேர்ந்தால் சீக்கிரம் திகட்டிவிடும். சுட்ட காயின் மண்வாசனையும் சீஸின் புளிப்பும் சேரும்போது இன்னொரு துண்டு கேட்கத் தோன்றும்.

காயைத்தான் முதலில் செய்ய வேண்டும், அது முழுசாக ஆற வேண்டுமே. கேரட், பீட்ரூட், பரங்கி மூன்றுமே இதற்குப் பொருந்தும். 400 கிராம் எடுத்துத் தோல் சீவி, சின்னத் துண்டுகளாக நறுக்கி, ஒரு மேசைக்கரண்டி எண்ணெயும் கொஞ்சம் உப்பும் பிரட்டி, 200 டிகிரி செல்சியஸில் 35 முதல் 40 நிமிடம் சுடுங்கள். துண்டுகளை இடைவெளி விட்டுப் பரப்புங்கள், நெருக்கி வைத்தால் ஆவியில் வெந்துவிடுமே தவிர ஓரம் சிவக்காது. பீட்ரூட் தனித் தட்டில் இருக்கட்டும், இல்லையென்றால் எல்லாமே சிவப்பாகிவிடும். கடைசி பத்து நிமிடத்தில் ஒரு கரண்டி தேன் ஊற்றலாம், முன்பே ஊற்றினால் கருகும்.

இப்போது ஓவனை 120 டிகிரிக்கு இறக்குங்கள். கதவைத் திறந்து சூடு நிஜமாகவே இறங்கும் வரை காத்திருங்கள்.

மெரிங்குக்கு நான்கு முட்டையின் வெள்ளைக்கரு, 220 கிராம் பொடியான சர்க்கரை, ஒரு தேக்கரண்டி கார்ன்ஃப்ளார், ஒரு தேக்கரண்டி வினிகர். முட்டை குளிர்ச்சியாக இருக்கும்போது கருவைப் பிரிப்பது சுலபம், ஆனால் அடிக்கும்போது வெள்ளைக்கரு குளிர்ச்சி விட்டிருந்தால் நுரை நன்றாகப் பொங்கும். துளி மஞ்சள்கருவோ பாத்திரத்தில் எண்ணெய்ப் பிசுக்கோ இருந்தால் நுரை சரியாக எழும்பாது, அதனால் பாத்திரத்தைத் துடைப்பதில் சோம்பல் கூடாது. நுரை மெத்தென்று நிற்கத் தொடங்கியதும் சர்க்கரையை ஒவ்வொரு கரண்டியாகப் போட்டு அடித்துக்கொண்டே இருங்கள். அவசரப்பட்டு மொத்தமாகக் கொட்டினால் கரையாத சர்க்கரை பின்னால் பாகாகக் கசியும். விரல்களுக்கு நடுவே தேய்த்துப் பாருங்கள், நறநறப்பு இல்லாமல் பளபளவென்று கெட்டியாக நின்றால் சரி. அப்புறம் மாவையும் வினிகரையும் மெதுவாகக் கலந்து, பேக்கிங் பேப்பரில் நடுவில் பள்ளம் வைத்து வட்டமாகப் பரப்பி 75 நிமிடம் சுடுங்கள். ஓவனை அணைத்த பிறகும் கதவைத் திறக்காமல் உள்ளேயே ஆற விடுங்கள், திடீரென்று குளிர்ந்தால் நிறைய வெடிப்பு விழும்.

சீஸுக்கு 250 கிராம் க்ரீம் சீஸ், அடித்த க்ரீம் 100 மில்லி, எலுமிச்சைத் தோல் துருவல், ஒரு சிட்டிகை உப்பு. சர்க்கரை வேண்டவே வேண்டாம். க்ரீம் சீஸுக்குப் பதில் ரிக்கோட்டா சீஸ் என்றால் துணியில் கட்டி நீரை வடித்துக்கொள்ளுங்கள். மஸ்கர்போனே சீஸைக் கரண்டியால் கிளறினால் போதும், பீட்டரில் அதிகம் அடித்தால் திரிந்துவிடும். ஆட்டுப்பால் சீஸ் எனக்கு ரொம்பப் பிடிக்கும், பீட்ரூட்டோடு அதைவிடப் பொருத்தமான ஜோடி இல்லை.

மெரிங் ஈரத்தை உடனே இழுத்துக்கொள்ளும், அதனால் பரிமாறும் நேரத்தில்தான் அடுக்க வேண்டும்: பள்ளத்தில் சீஸ், அதன் மேல் ஆறிய காய், வறுத்த வால்நட் கொஞ்சம். முந்தின நாளே செய்து வைப்பதானால் வெறும் மெரிங்கைக் காற்றுப் புகாத டப்பாவில் வெளியே வையுங்கள், ஃப்ரிட்ஜுக்குள் போக வேண்டியது காயும் சீஸும் மட்டும்.